யாருடைய அக்கா?

மாமல்லபுரத்தில் மார்கழி, தை மாதங்களில் நடக்கும் நாட்டிய விழாவுக்கு மாணவிகளை அழைத்துப்போவது என் பல வருடப் பழக்கம். செங்கல்பட்டில் பேருந்து ஏறி, திருக்கழுக்குன்றத்தில் பாதிப் பேர் இறங்கி இடம் கிடைத்து, இருட்டுவதற்குள் கடற்கரைக்குப் போய்ச் சேர்ந்துவிடுவோம். ஆட்டம் தொடங்கியதும் அவர்களுக்கு ஒரு வேலை கொடுப்பேன். பத்து நிமிடம் ஆடுகிற பெண்ணைப் பார்க்காதீர்கள், மேடையின் ஓரத்தில் கையில் தாளத்தோடு உட்கார்ந்திருப்பவரை மட்டும் பாருங்கள் என்பேன். ஜதி சொல்வதும் வேகத்தைக் கூட்டுவதும் குறைப்பதும் அவர்தான். மிருதங்கக்காரர், பாடுகிறவர், ஆடுகிறவர் எல்லாருடைய காதும் அவர் பக்கம்தான் இருக்கும். பார்க்கிறவர்களின் கண் மட்டும் அவர் மேல் விழாது.

நட்டுவாங்கம் நெடுங்காலம் ஆண்கள் கையில் இருந்தது. ஆடியது பெண், ஆட்டுவித்தது ஆண். வழுவூர் ராமையா பிள்ளையிடம் பயின்ற கே.ஜே. சரசாவை முதல் பெண் நட்டுவனார் என்று சொல்வது வழக்கம். மதுரை எம்.எஸ். பொன்னுத்தாய் முதல் பெண் நாகசுரக் கலைஞர். இந்த ‘முதல் பெண்’ என்ற பட்டத்தின் மேல் எனக்கு எப்போதும் ஒரு ஐயம் உண்டு. பட்டத்தைக் கொடுத்துவிட்டால் போதும், அதற்குப் பிறகு அவர் என்ன வாசித்தார், எப்படி வாசித்தார், அவர் குழுவுக்குச் சம்பளம் யார் கொடுத்தார்கள் என்று ஒருவரும் கேட்பதில்லை.

இரண்டு வருடத்துக்கு முன் விழா முடிந்து திரும்பும்போது, வழியில் ஒரு கல்யாண ஊர்வலம் பேருந்தை மறித்தது. பேண்டு செட்டுக்காரர்கள் சிவப்புச் சட்டை போட்டு டிரம்பெட் ஊதிக்கொண்டு போனார்கள். இரு பக்கமும் தலையில் விளக்கைச் சுமந்து பெண்கள். விளக்கிலிருந்து விளக்குக்கு வயர், கடைசி வயர் ஜெனரேட்டர் வண்டியில். என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த மாணவி ஒரு மெல்லிசைக் குழுவில் டிரம்ஸ் வாசிப்பவள். கொஞ்ச நேரம் வெளியே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, “பேண்டுலயும் நம்ம வேலை லைட்டு தூக்குறதுதானா மேடம்? வெளிநாட்டுலயாவது பொம்பளைங்க யாராச்சும் பேண்டை நடத்தியிருக்காங்களா?” என்று கேட்டாள்.

அடுத்த வாரமே வகுப்பில் பிளான்ச் கேலோவே பற்றிப் பேசத் தயாரித்தேன். அமெரிக்காவில் 1930களில், ஸ்விங் என்று பெயர் பெற்ற ஆட்ட இசை நாட்டையே பிடித்துக்கொண்டிருந்த காலத்தில், முழுக்க ஆண்கள் கொண்ட ஒரு ஜாஸ் குழுவைத் தன் பெயரில் நடத்திய கறுப்பினப் பெண். திரையில் போட்ட முதல் படத்துக்குக் கீழே நான் எழுதியிருந்த வரி இது: ‘புகழ்பெற்ற கேப் கேலோவேயின் அக்கா.’ அதே மாணவி கையைத் தூக்கினாள். “தம்பியைப் பத்திப் பாடம் எடுத்தா, பிளான்சோட தம்பின்னு ஆரம்பிப்பீங்களா மேடம்?”

வகுப்பு சிரித்தது. நானும் சிரித்தேன். வீட்டுக்கு வந்த பிறகு சிரிப்பு வரவில்லை. பெண்ணியம் கற்பிப்பதாகச் சொல்லிக்கொள்கிற நானே ஒரு பெண்ணை அறிமுகப்படுத்த அவருடைய தம்பியிடம் கையெழுத்து வாங்கப் போயிருக்கிறேன். அந்தக் கேள்விக்குத் தாமதமாக நான் தரும் பதில்தான் இந்தக் கட்டுரை.

பிளான்ச் வளர்ந்தது பால்டிமோர் நகரத்தில். தாய் தேவாலயத்தில் ஆர்கன் வாசித்தவர், பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக் கொடுத்தவர். இசை வீட்டிலேயே இருந்தது. ஆனால் அது தேவாலய இசை, மரியாதைப்பட்ட இசை. மகள் காசுக்கு மேடையேறிப் பாடுவதை அந்தத் தாய் விரும்பவில்லை. இந்த இடம் நமக்குப் புதிதல்ல. பாட்டு வாத்தியாரை வீட்டுக்கே வரவழைத்துப் பெண்ணுக்குப் பாட்டுக் கற்றுக் கொடுத்துவிட்டு, ‘கச்சேரி எல்லாம் வேண்டாம், பெண் பார்க்க வரும்போது பாட ஒரு கீர்த்தனை போதும்’ என்ற வீடுகள் நம்மிடம் எத்தனை! மேடையேறிய பெண்ணுக்கு என்ன பெயர் வைத்தார்கள் என்பதையும் நாம் அறிவோம். பிளான்ச் மார்கன் கல்லூரிப் படிப்பைப் பாதியில் விட்டார். 1921இல் பால்டிமோரில் ‘ஷஃபிள் அலாங்’ என்ற கறுப்பினக் கலைஞர்களின் இசை நாடகத்தில் மேடையேறினார். பிறகு ஊர் ஊராகப் போகும் குழுக்களில் பாடி, ஆடி, சிகாகோ போய்ச் சேர்ந்தார். 1925இல் லூயி ஆம்ஸ்ட்ராங் உடன் வாசிக்க இசைத்தட்டில் பாடினார்.

சிகாகோவுக்குத் தம்பியை அழைத்துக்கொண்டவரும் அவர்தான். கேப் சட்டம் படிக்க வேண்டும் என்பது வீட்டின் ஆசை. அக்கா நடித்துக்கொண்டிருந்த குழுவில் இடம் வாங்கிக் கொடுத்தார், தம்பி படிப்பை விட்டு மேடைக்கு வந்தார். தன்னை இந்தத் தொழிலுக்குள் கொண்டுவந்தது அக்காதான் என்பதைக் கேப் மறைக்கவில்லை, தன் வாழ்க்கை வரலாற்றில் சொல்லியிருக்கிறார். ஆகவே என் குறை தம்பி மேல் அல்ல. ‘அக்கா கை தூக்கிவிட்டாள்’ என்பது குடும்பக் கதை ஆகிவிடுகிறது. பாசத்தின் கணக்கில் வரவு வைத்துவிடுகிறோம், தொழிலின் கணக்கில் வைப்பதில்லை. ஒரு ஆண் இன்னொரு ஆணுக்கு மேடையில் நிற்கவும் கூட்டத்தைப் பிடிக்கவும் கற்றுக் கொடுத்திருந்தால் அவரைக் குரு என்றிருப்போம்.

1931இல் பிளான்ச் தன் குழுவைத் தொடங்கினார். ‘பிளான்ச் கேலோவேயும் அவரது ஜாய் பாய்ஸும்’ என்று பெயர். அவரது, அதாவது அவளது, பையன்கள். வேலைக்கு எடுப்பவள், சம்பளம் கொடுப்பவள், போஸ்டரில் பெயர் பெரிதாக இருப்பவள் ஒரு பெண் என்று அந்தப் பெயரே சொல்லிவிடுகிறது. பின்னாளில் சாக்சபோனில் பெரும்பெயர் எடுத்த பென் வெப்ஸ்டர், டிரம்ஸில் கோசி கோல், டிராம்போனில் விக் டிக்கன்சன் என்று பலர் அந்தக் குழுவில் வாசித்தவர்கள். வளர்ந்து வரும் வாசிப்புக்காரரைக் காதால் கண்டுபிடிப்பது தலைமையின் பெரிய பங்கு. அந்தக் காது பிளான்சுக்கு இருந்தது.

அந்த வருடத்து இசைத்தட்டுகளை இப்போது யார் வேண்டுமானாலும் கேட்கலாம். நான் பலமுறை கேட்டேன், வகுப்பிலும் போட்டேன். அவருடைய குரல் ‘இனிமை’ என்ற அளவுகோலில் நிற்காது. உறுமும், சிரிக்கும், பாட்டின் நடுவே பேச்சாக மாறும், மறுபடி பாட்டுக்குள் குதிக்கும். பாடகி என்ற இடத்திலிருந்து கேட்டால் சில பாட்டுகள் சுமார்தான், அதை ஒளிக்க வேண்டியதில்லை. ஆனால் கூட்டத்தையும் குழுவையும் ஒரே நேரத்தில் ஓட்டுகிறவரின் குரலாகக் கேட்டால் வேறு ஒன்று கேட்கும். 1931 மார்ச்சில் பதிவான ‘ஜஸ்ட் எ கிரேஸி சாங்’ பாட்டில் அவர் ஒரு கூவலை வீசுகிறார். குழு அதைத் திருப்பி வீசுகிறது. வீசும் அளவு, நிறுத்தும் இடம், குழுவைக் காக்க வைக்கும் கணம் எல்லாம் அவர் கையில். நடவு வயலில் முதல் அடி எடுத்துக் கொடுக்கும் பெண்ணைக் கேட்டவர்களுக்கு இது உடனே பிடிபடும். அவள் குரல் நல்ல குரலா என்று வரிசையில் நிற்கும் பெண்கள் கேட்பதில்லை. அந்தக் குரலுக்குக் கை அசைகிறதா என்பதுதான் கேள்வி.

அதே மார்ச் மாதத்தில்தான் கேப் ‘மின்னி தி மூச்சர்’ பதிவு செய்தார். அவர் கூவ, கூட்டம் திருப்பிக் கூவும் அந்தப் பாட்டு அவரை உலகப் புகழுக்குக் கொண்டுபோனது. இந்தக் கூவலை யார் யாரிடமிருந்து எடுத்தார்கள் என்று ஜாஸ் ஆய்வாளர்களிடையே பேச்சு உண்டு. கூவலும் எதிர்க்கூவலும் கறுப்பினத் தேவாலயத்திலும் வயலிலும் எல்லாருக்கும் பொதுவாக இருந்தவை, தனி ஒருவர் சொத்தல்ல. என்றாலும் மேடையில் அதை எப்படிப் பயன்படுத்துவது என்பதை அக்காவைப் பார்த்தே தம்பி கற்றார் என்பதை நம்ப நான் தயார். ஏனென்றால் அவர் மேடையைக் கற்றதே அக்காவின் பக்கத்தில் நின்றுதான்.

அப்படியானால் ஒருவர் நிலைத்ததும் ஒருவர் மறைந்ததும் ஏன்? திறமை வித்தியாசம் என்று சொல்லிக் கடந்துவிடுவது சுலபம். வசதிகளைப் பாருங்கள். கேப்புக்கு நியூயார்க்கின் காட்டன் கிளப்பில் நிலையான மேடை கிடைத்தது. அங்கிருந்து வானொலி ஒலிபரப்பு நாடு முழுக்கப் போனது. எர்விங் மில்ஸ் போன்ற செல்வாக்குள்ள வெள்ளை மேலாளர் பின்னால் இருந்தார். பிளான்சுக்குக் கிடைத்தது சாலை. இன்று ஒரு ஊர், நாளை இன்னொரு ஊர், ஒவ்வொரு இரவும் ஒரு புது மேடை. பெட்ரோல், சாப்பாடு, சம்பளம், வராமல் போன முன்பணம் எல்லாம் தலைவியின் தலையில். சமையலறையில் ஒரு குடும்பத்தை நடத்துகிற பெண்ணின் கணக்குத் திறமையை மெச்சுகிற சமூகம், பதினான்கு ஆண்களுக்கு வாரச் சம்பளம் எண்ணிக் கொடுத்த பெண்ணின் திறமையை எந்தப் புத்தகத்தில் எழுதியது?

அதே காலத்தில் புகழோடு இருந்த இன்னொரு தலைவி ஐனா ரே ஹட்டன். அவருடைய மெலோடியர்ஸ் குழு முழுக்கப் பெண்கள். வெள்ளையினக் குழுவாகவே விற்கப்பட்டது. ஹட்டன் கையில் கோலோடு முன்னால் நின்று ஆடுவார், நிகழ்ச்சிக்குள் உடை மாற்றி உடை மாற்றி வருவார். விளம்பரம் அவர் தலைமுடியின் நிறத்தைப் பற்றிப் பேசியது. பின்னால் உட்கார்ந்து நன்றாக வாசித்த பெண்களைப் பற்றிப் பேசவில்லை. தலைவியாக ஒரு பெண் ஏற்கப்பட வேண்டுமானால் முதலில் அவள் காட்சிப்பொருளாக வேண்டும் என்பது அந்தச் சந்தையின் விதி. இன்னொரு பக்கம் மேரி லூ வில்லியம்ஸ். ஆண்டி கிர்க் குழுவின் பாட்டுகளுக்கு இசைக்கோர்ப்பு எழுதியவர், பியானோ வாசித்தவர். குழுவின் பெயர் மட்டும் கிர்க்கின் பெயர். முன்னால் நிற்கிற அழகு, பின்னால் இருக்கிற உழைப்பு என்று இரண்டு நாற்காலிகளைத்தான் பெண்ணுக்குப் போட்டு வைத்திருந்தார்கள். பிளான்ச் மூன்றாவது நாற்காலியை இழுத்துப் போட்டு உட்காரப் பார்த்தார்.

1936இல் ஜாய் பாய்ஸ் தெற்கே சுற்றுப்பயணத்தில் இருந்தது. மிசிசிப்பி மாநிலத்தில் யாசூ சிட்டி என்ற ஊரில் பெட்ரோல் பங்கில் வண்டி நின்றது. பிளான்ச் அங்கிருந்த பெண்கள் கழிவறைக்குப் போனார். அது வெள்ளைக்காரப் பெண்களுக்கானது. காவலர்கள் வந்தார்கள். பிளான்சும் குழுவைச் சேர்ந்த ஒருவரும் கைதாகிச் சிறைக்குப் போனார்கள். அவர்கள் உள்ளே இருக்கும்போது குழுவில் ஒருவர் இருந்த பணத்தை எடுத்துக்கொண்டு ஓடிவிட்டார். ஊர் நடுவே குழு சிதறியது. பிளான்ச் தன் மஞ்சள் நிற கேடிலாக் காரை விற்று அங்கிருந்து வெளியேறினார். அதன் பிறகு குழு முழுதாக எழவில்லை. 1938இல் திவால் அறிவித்துக் குழுவைக் கலைத்தார்.

பிளான்ச் பற்றி எழுதுகிறவர்கள் எல்லாரும் இதைச் சொல்கிறார்கள். ஆனால் பெரும்பாலும் ஒரு சோகச் சம்பவமாக, இரண்டு வரியில், அடுத்த பத்தியில் வேறு விஷயம். எனக்கு அவருடைய தொழில் வாழ்க்கையைப் புரிந்துகொள்ளும் திறவுகோல் இந்த இரண்டு வரிகள்தான். நிறவெறிச் சட்டம் கறுப்பின ஆண்களையும் அந்தக் கதவுக்கு வெளியேதான் நிறுத்தியது, அதில் சந்தேகமில்லை. ஆனால் சாலையில் ஒரு ஆண் புதர் மறைவு தேடிக்கொள்வான், அவனுடைய வாத்தியார் வேலை அதனால் கெடுவதில்லை. மாதவிடாயோடு ஒரு நாளுக்கு எட்டு மணி நேரம் காரில் போய், இறங்கியதும் பட்டு கவுன் மாட்டிக் குழுவுக்கு முன்னால் நிற்க வேண்டியவளுக்குக் கழிவறை என்பது தொழிற்கருவி. சாக்சபோனுக்கு ரீட் போல. அது மறுக்கப்பட்ட இடத்தில் தலைமையும் மறுக்கப்படுகிறது. கறுப்பர் என்பதால் பூட்டிய கதவு, பெண் என்பதால் அவசியமான கதவு. இரண்டும் ஒன்றாகச் சேர்ந்த இடத்தில்தான் அவர் கைதானார்.

இதை எழுதும்போது மிசிசிப்பி எனக்குத் தூரமாக இல்லை. கடற்கரைச் சாலையிலும் அதிலிருந்து உள்ளே போகும் கிராமங்களிலும் ஆடி மாதம் முழுக்க அம்மன் கோயில் திருவிழா. விடிய விடியக் கச்சேரி, நாடகம், கரகம். மேடைக்குப் பின்னால் தென்னங்கீற்றுத் தடுப்பு இருக்கும், உடை மாற்ற. அதற்கு மேல் எதுவும் இருக்காது. இளவயதில் ஒரு கலைக்குழுவோடு நான் இந்தப் பக்கம் சுற்றியிருக்கிறேன். மதியத்துக்குப் பிறகு தண்ணீர் குடிக்க மாட்டோம். ஒரு கல்யாண மண்டபத்தில், விருந்தினர் கழிவறைக்குப் போன எங்கள் தோழியை, ‘மேளக்காரங்களுக்கு வெளியில’ என்று சொல்லித் திருப்பி அனுப்பினார்கள். வெளியில் என்றால் சுற்றுச்சுவருக்கு அந்தப் பக்கம் முள்காடு. யார் எந்தச் சாதி என்று ஒருவரும் கேட்கவில்லை. தோளில் பறை இருந்தது, அதுவே போதுமாக இருந்தது. அன்று இரவு அவள் அருமையாக அடித்தாள். அடுத்த நிகழ்ச்சிக்கு வரவில்லை. ‘கல்யாணம் ஆகப்போகுது, அதான்’ என்று காரணம் சொன்னோம். எல்லாரும் நம்பிக்கொண்டோம்.

பிளான்சின் கைதுக்கு அடுத்த வருடம், அதே மிசிசிப்பியில், பைனி வுட்ஸ் என்ற பள்ளியில் ‘இன்டர்நேஷனல் ஸ்வீட்ஹார்ட்ஸ் ஆஃப் ரிதம்’ என்ற பெண்கள் ஸ்விங் குழு பிறந்தது. கறுப்பினப் பெண்களோடு வேறு இனத்துப் பெண்களும் சேர்ந்து வாசித்தார்கள். தெற்கில் இவர்களுக்கு விடுதி கிடைக்காது. அதனால் படுக்கை வசதி வைத்த பேருந்திலேயே வாழ்ந்தார்கள். பின்னால் சேர்ந்த வெள்ளையினப் பெண்கள் காவலர் கண்ணில் படாமலிருக்க முகத்துக்குக் கறுப்புச் சாயம் பூசிக்கொண்டார்கள். பாட்டுக்கு முன்னால் பேருந்தைப் பற்றி யோசித்த குழு அது. நல்ல இசை எந்த நிலைமையிலும் தானே வெளிவரும் என்கிறவர்களுக்கு அந்தப் பேருந்தை நான் எடுத்துக் காட்டுவேன்.

குழு கலைந்த பிறகு பிளான்ச் 1940இல் பெண்களை மட்டும் வைத்து ஒரு குழு முயன்றார், நீடிக்கவில்லை. பிறகு வாஷிங்டனில் ஒரு இசைக் கூடத்தின் பொறுப்பில் இருந்தபோது ரூத் பிரவுன் என்ற இளம் பாடகியைக் கேட்டு, அவருக்கு மேலாளராகி, அட்லாண்டிக் இசைத்தட்டு நிறுவனம் வரை கொண்டுபோனார். ரூத் பிரவுன் 1950களில் அந்த நிறுவனத்தையே தூக்கி நிறுத்தியவர் என்பார்கள். அப்புறம் மயாமி பக்கம் வானொலியில் வேலை. 1968இல் கறுப்பினப் பெண்களுக்காக ‘ஆஃப்ராம் ஹவுஸ்’ என்ற அழகுசாதன நிறுவனம். 1978 டிசம்பரில் பால்டிமோரில் மார்பகப் புற்றுநோயில் இறந்தார்.

இந்த வரிசையை வைத்து ‘விழுந்தாலும் எழுந்தாள்’ என்று ஒரு கதை எழுதிவிடலாம். எழுதுகிறார்கள். எனக்கு அந்தக் கதை பிடிப்பதில்லை. எழுந்தாள் என்று கைதட்டும்போது தள்ளியவர்கள் தப்பித்துவிடுகிறார்கள். பத்து வருடம் ஊர் ஊராகப் பாடி, ஏழு வருடம் குழு நடத்தி, அந்த அனுபவம் பழுத்த வேளையில் இசை அவர் கையிலிருந்து பிடுங்கப்பட்டது. நாற்பது வயதில், ஐம்பது வயதில் அவர் நடத்தியிருக்கக்கூடிய குழு எப்படி ஒலித்திருக்கும்? டியூக் எலிங்டனுக்கும் கவுண்ட் பேசிக்கும் அந்த வயதுகள் கிடைத்தன. பிளான்சின் முக்கியமான இசைத்தட்டுகள் 1930களின் முன்பாதியோடு முடிந்துபோகின்றன. அவரைத் ‘சின்ன அளவில் சாதித்தவர்’ என்று மதிப்பிடும் ஜாஸ் விமர்சகர், அந்த அளவை யார் வெட்டினார்கள் என்பதையும் தன் மதிப்பீட்டில் சேர்க்க வேண்டும்.

செங்கல்பட்டில் உட்கார்ந்து இதை எழுதுவதால் இன்னொன்றும் நினைவுக்கு வருகிறது. பிளான்ச் குழு தொடங்குவதற்கு இரண்டு வருடம் முன், 1929 பிப்ரவரியில், முதல் சுயமரியாதை மாகாண மாநாடு இதே ஊரில்தான் நடந்தது. பெண்களுக்கு ஆண்களோடு சமமான சொத்துரிமை வேண்டும், எந்தத் தொழிலையும் தடையின்றிச் செய்ய உரிமை வேண்டும் என்று அந்த மாநாடு தீர்மானம் போட்டது. இரண்டையும் சேர்த்துப் போட்டதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. தொழில் செய்யும் உரிமை மட்டும் இருந்து, நட்டம் வந்தால் தாங்க ஒரு துண்டு நிலமோ வீடோ கையில் இல்லையென்றால், ஒரு கெட்ட இரவு போதும், தொழில் போய்விடும். பிளான்சுக்கு ஒரு கார் இருந்தது, விற்று ஊர் திரும்பினார். தமிழ்நாட்டில் மகள்களுக்குப் பூர்வீகச் சொத்தில் சம பங்கு என்ற சட்டம் வர அந்தத் தீர்மானத்துக்குப் பிறகு அறுபது வருடம் ஆனது, 1989இல். காகிதத்தில் வந்தது வீட்டுக்குள் எவ்வளவு வந்திருக்கிறது என்று மாணவிகளைக் கேட்டால், பெரும்பாலும் அண்ணன்களைப் பற்றிப் பேசத் தொடங்குவார்கள்.

வகுப்புப் படத்தில் அந்த வரியை மாற்றிவிட்டேன். இப்போது ‘பிளான்ச் கேலோவே, குழுத் தலைவி, ஜாய் பாய்ஸ்’ என்று இருக்கிறது. கேப் பற்றி ஏழாவது படத்தில் வருகிறது.

டிரம்ஸ் வாசிக்கும் மாணவி படிப்பு முடித்துவிட்டாள். வேறு ஒருவர் குழுவில் வாசித்துக்கொண்டிருந்தவள், போன வருடம் தனியாக ஒரு குழு வைத்தாள். ஆறு பேர், அவளைத் தவிர எல்லாரும் பையன்கள். கீபோர்டு வாங்கக் கடன் இருக்கிறது. போன ஆடியில் கல்பாக்கம் பக்கம் ஒரு ஊர்த் திருவிழாவுக்கு நிகழ்ச்சி பேசும்போது நான் பக்கத்தில் இருந்தேன். முன்பணம் எவ்வளவு என்று கேட்டாள். சவுண்ட் செட் உங்களோடதா எங்களோடதா என்று கேட்டாள். பிறகு குரலில் ஒரு மாற்றமும் இல்லாமல், “பாத்ரூம் எங்க இருக்குதுண்ணே? மேடைக்குப் பக்கத்துலயே வேணும், உள்ள லைட்டு எரியணும்” என்றாள். அந்தப் பக்கம் என்ன சொன்னார்களோ தெரியவில்லை. “அப்படின்னா வீட்டுக்காரம்மா ஒருத்தங்க பேரும் நம்பரும் குடுங்க, அவங்ககிட்ட நானே பேசிக்கறேன்” என்று சொல்லிக் குறித்துக்கொண்டாள்.